திரையில் ஒரு புள்ளி

பத்துமி துறைமுகத்தின் மூன்றாம் வாசலுக்கு எதிரே
ஒன்றரை ஆள் அகலத்தில் என் கடை.
அந்த அரை, மழைக்கு.

பாரந்தூக்கி ஓட்டுகிற ஓதாரி
போனைக் கவிழ்த்து வைத்தான்,
தோற்ற ஆட்டத்தின் சீட்டைப் போல.
"அணைத்துப் போட்டால் படம் ஓடிவிடுகிறது."
எந்தப் படம்?
"நான் வைத்தது."
வருவது?
"அந்த நீலம்."

அந்த நீலத்தை எனக்குத் தெரியும்.
எந்தக் கடலிலும் இல்லாதது.
பெட்டி பிரித்த அன்று எல்லோர் கையிலும் இருக்கும்,
யாருக்கும் யாரையும் நினைவுபடுத்தாது.
அப்படிக் கலப்பதற்கென்றே
யாரோ சம்பளம் வாங்கியிருக்க வேண்டும்.

அமைப்புகளுக்குள் போனேன்.
முகப்புத் திரை, பூட்டுத் திரை.
ஒரே வீட்டுக்கு இரண்டு கதவு,
ஒன்றில் அடித்த சாயம் மற்றதில் ஒட்டாது.
இலவசமாய் இறக்கிய தீம் ஒன்று
தவணை முடிந்த பின்னும் வாசலில் நின்றுகொண்டிருந்தது.
துரத்தினேன்.
படமோ மெமரி கார்டில். கார்டு சோம்பேறி,
போன் விழித்து அரை நிமிடம் கழித்துத்தான் கண் திறக்கும்.
அதற்குள் நீலம்
பேருந்து சன்னலில் துண்டு போட்டு
இடம் பிடித்துவிடும்.

படத்தை உள்ளே நகர்த்தினேன். வை என்றேன். வைத்தது.
சாம்பல் தரை. ஈரச் சிமெண்டு.
இரண்டு தண்டவாளம், ஒரு தார்ப்பாய்.
"இதுவா?"
"இதுதான்."

நடுவில், சற்றே இடப்பக்கம்,
ஒரு புள்ளி.
செத்த பிக்சல் என்று நினைத்தேன்.
சட்டை நுனியால் துடைத்தேன்.
ஸ்பிரிட் தொட்ட பஞ்சால் துடைத்தேன்.
திரை மாற்றினால் தொண்ணூறு லாரி
என்று மனம் கணக்குப் போட்டதையும் மறைக்கவில்லை.
நகம் வைக்கப் போனபோது
ஓதாரி என் விரலைத் தட்டிவிட்டான்.

"அது பொம்போரா."

இரண்டு விரலை விரித்தேன்.
புள்ளி உப்பிக் கட்டம் கட்டமாய்ச் சிதறியது.
பழுப்பு, பழுப்பு, நடுவே ஒரே ஒரு மஞ்சள்:
ஊசி போட்ட தெருநாய்க்கு
நகராட்சி காதில் குத்துகிற வில்லை.
"நாற்பது மீட்டர் மேலே, கூண்டிலிருந்து
இவ்வளவுதான் தெரியும்" என்றான்.
"எட்டு மணிக்கு வந்து அந்தச் சதுரத்தில் உட்காரும்.
நான் இறங்கும்வரை எழுந்திருக்காது."

கிட்டே நின்று எடுத்தது இல்லையா?
இருந்தது. முப்பதுக்கு மேல்.
மூக்கு, நாக்கு, வால் ஆடிய கலங்கல்.
இதில் ஒன்றை வையேன்,
கடிகாரம் நெற்றியில் ஏறாதபடி தள்ளித் தருகிறேன்.

அவன் தார்ப்பாயையே பார்த்துக்கொண்டிருந்தான்.
"மே மாதத்திலிருந்து கூண்டு கிடையாது.
கட்டடத்துக்குள் ஒரு அறை, சன்னல் இல்லை.
திரையைப் பார்த்தே பாரந்தூக்குகிறோம்.
கேமராவுக்குப் பெட்டியின் நாலு மூலை போதும்."

இன்னும் அங்கேதான் உட்காருகிறதா?

"அதற்கு யார் போய்ச் சொல்வது?"

வானிலைக் குறி சரியாக நாயின் மேல் வந்து நின்றது.
அழுத்திப் பிடித்து இரண்டாம் பக்கத்துக்கு இழுத்துப் போனேன்.
வங்கியை, வரைபடத்தை, யாரும் திறக்காத திசைகாட்டியை
எல்லாவற்றையும் அப்புறப்படுத்தினேன்.
பிறகு அணைத்தேன், எழுப்பினேன்.
கருப்பு. சின்னம். சாம்பல். புள்ளி.
இன்னொரு முறை.
மூன்றாம் முறை அவனையே செய்யச் சொன்னேன்.
மூச்சைப் பிடித்துக்கொண்டு செய்தான்.

ஐந்து லாரி. சில்லறை இல்லை என்று
இரண்டு மாண்டரின் பழம் வைத்துவிட்டுப் போனான்.

உரித்துக்கொண்டே எதிரே பார்த்தேன்.
கம்பி வேலிக்கு அப்பால், தண்டவாளம் தாண்டி,
மழைக்குள் மஞ்சளாய் ஏதோ.
பெட்டியில் ஒட்டிய சீட்டாக இருக்கலாம்.
கடைக் கண்ணாடியைப் புறங்கையால் துடைத்தேன்.
போகவில்லை.